வேத கணிதப் பள்ளிக்கூடம்

தையற்கடை வைத்துப் பிழைக்கும் நமது இயக்கத் தோழர் ஒருவர் ஒரு துண்டு நோட்டீசைத் தபாலில் அனுப்பி, அதைப்பற்றி நமது அபிப்பிராயம் என்ன என்று கேட்டிருக்கின்றார். நோட்டீஸ் வழவழப்பான காகிதத்தில் நாலு வர்ணத்தில் அச்சாகியிருக்கின்றது. மேலே தாடி வளர்த்த ஒரு ரிஷியின் படம். கீழே ஒரு கம்ப்யூட்டரின் படம். "வேத கணிதம்" என்னும் ஆதிகால வித்தையை வாரம் இரண்டு நாள் குழந்தைகளுக்குக் கற்பிப்பதாகவும், அதைக் கற்ற பிள்ளைகள் காகிதமும் பேனாவும் இல்லாமலேயே மின்னல் வேகத்தில் கணக்குப் போடுவார்கள் என்பதாகவும், இவ்வித்தை ரிஷிகள் ஞானதிருஷ்டியால் கண்டு வேதத்திற்குள் வைத்துவிட்டுப் போன பொக்கிஷம் என்பதாகவும், இதன் பெருமையை அமெரிக்காக்காரர்களே ஒப்புக்கொண்டுவிட்டார்கள் என்பதாகவும் அதில் கண்டிருக்கின்றது. தோழருடைய பெண் ஆறாம் வகுப்பில் படிக்கின்றாள். மாதச் சம்பளமோ தோழர் தமது தையல் மெஷினுக்குக் கட்டும் தவணையைவிட அதிகம். "அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் எல்லாம் போகின்றன. நம் பிள்ளை மாத்திரம் பின்தங்கிப் போய்விடுமோ என்று அவள் தாயார் பயப்படுகிறாள், எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது" என்று எழுதியிருக்கின்றார்.

இந்தப் பயத்தைப் பார்த்து நாம் சிரிக்கப் போவதில்லை. பாட்டன் காலத்தில் பள்ளிக்கூடத் திண்ணையில் கூட உட்கார விடப்படாத குடும்பத்தில், இன்றைக்கு ஒரு பெண் ஆறாம் வகுப்புக் கணக்குப் போடுகின்றாள் என்றால், அவள் தகப்பனார் எதைக் கண்டும் பயப்படத்தான் செய்வார். படிப்பு என்பது நேற்றுத்தான் அந்த வீட்டுக்குள் வந்தது. எந்த வழியாக வந்தது, எந்த வழியாகப் போய்விடும் என்பது இன்னும் தெரியாது. இப்படிப்பட்ட தகப்பன்மார்களுடைய பயந்தான் இம்மாதிரிப் பள்ளிக்கூடக்காரர்களுக்கு மூலதனம். ஆகவே, சரக்கு எங்கிருந்து வந்தது, யார் செய்தது, உள்ளே என்ன இருக்கின்றது என்று கொஞ்சம் பிரித்துப் பார்ப்பது அவசியமாகின்றது.

முதலில் சரக்கின் ஊரும் பேரும். இந்த வேத கணிதத்தைச் செய்தவர் ரிஷி அல்ல. நம்முடைய திருநெல்வேலியில் 1884 ஆம் வருஷம் பிறந்து, வெங்கட்ராமன் என்று பெயர் வைக்கப்பட்டு, இங்கிலீஷ் படித்துத் தேறி, பிறகு சந்நியாசம் வாங்கிக்கொண்டு 1925 முதல் 1960 இல் காலமாகும் வரையில் பூரி மடத்தில் சங்கராச்சாரியாராக இருந்த பாரதி கிருஷ்ண தீர்த்தர் என்பவரே. அவர் சிருங்கேரிக்குப் பக்கத்துக் காட்டில் எட்டு வருஷம் தியானம் செய்து, அதர்வண வேதத்தின் பரிசிஷ்டம், அதாவது பிற்சேர்க்கை ஒன்றிலிருந்து 16 சூத்திரங்களைக் கண்டெடுத்தாராம். ஒரு சூத்திரத்துக்கு ஒரு புத்தகமாக 16 புத்தகங்கள் எழுதினாராம். அந்தப் 16 புத்தகங்களும் வைத்திருந்த இடத்தில் காணாமல் போய்விட்டனவாம். பிறகு கண் பார்வை மங்கிய முதுமையில் ஞாபகத்திலிருந்து ஒரே ஒரு புத்தகம் எழுதி வைத்தாராம். அது அவர் செத்து ஐந்து வருஷம் கழித்து, 1965 இல் அச்சாகி வெளிவந்தது. இந்தச் சங்கதிகள் எல்லாம் அவருடைய சிஷ்யர்கள் அப்புத்தகத்தின் முகப்பிலேயே பக்தியோடு எழுதி வைத்திருப்பவைதான். நாம் கட்டியது ஒன்றுமில்லை.

பதினாறு புத்தகம் காணாமல் போனதைப்பற்றி நமக்கு விசாரமில்லை. அந்தப் பரிசிஷ்டம் எங்கே என்பதுதான் கேள்வி. அதர்வண வேதப் பரிசிஷ்டங்கள் ஒன்றும் மறைபொருள் அல்ல. போலிங், நெகெலீன் என்கின்ற இரண்டு மேல்நாட்டு வடமொழிவாணர்கள் பல ஏடுகளை ஒப்புநோக்கி அவற்றை 1909 - 1910 இல் அச்சிட்டுவிட்டார்கள். 1950 வாக்கில் சுவாமிகள் லட்சுமணபுரிக்குப் போய்க் கரும்பலகையில் தமது வித்தையைச் செய்து காட்டினபோது, பழைய இந்தியக் கணித நூல்களை ஆராய்வதிலேயே ஆயுளைச் செலவிட்ட கே.எஸ். சுக்லா என்னும் பண்டிதர் அந்த அச்சுப் புத்தகத்தையே கையில் எடுத்துக்கொண்டு போய், "சூத்திரங்கள் இதில் இல்லையே" என்று கேட்டார். அதற்குச் சுவாமிகள் சொன்ன பதிலின் சாரம், அவை தம்முடைய சொந்தப் பரிசிஷ்டத்தில்தான் இருக்கின்றன, வேறு எதிலும் இல்லை என்பதே.

தோழர்களே! இதன் அர்த்தத்தைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஒருவன் ஒரு நிலத்தின் பேரில் பாத்தியதை கொண்டாடி வருகின்றான். பத்திரம் எங்கே என்று கோர்ட்டில் கேட்டால், "ரிஜிஸ்தர் கச்சேரியில் தேடாதே, அது என் சொந்த ரிஜிஸ்தரில் இருக்கிறது" என்கின்றான். எந்த முன்சீபாவது அந்தக் கேசைத் தள்ளாமல் இருப்பாரா? ஆனால், நிலத்துக்கு வேண்டிய அத்தாட்சி வேதத்துக்கு வேண்டியதில்லை என்று நம் மக்கள் பழக்கப்படுத்தப்பட்டிருக்கின்றார்கள்.

இதைச் சொன்ன சுக்லா நம் கட்சிக்காரர் அல்ல. அப்புத்தகத்தைப் பதிப்பித்த காசி இந்து சர்வகலாசாலை அகர்வாலா என்பவரும் கறுப்புச் சட்டைக்காரர் அல்ல. அவரே தமது முன்னுரையில், தெரிந்த எந்தப் பரிசிஷ்டத்திலும் இச்சூத்திரங்கள் காணப்படவில்லை என்றும், சுவாமிகளின் இந்நூலையே ஒரு புதிய பரிசிஷ்டமாகக் கொள்ளலாம் என்றும் போகின்ற போக்கில் எழுதிவிட்டார். அதாவது வேதத்தில் இல்லை; ஆகையால் இதையே வேதமாக வைத்துக் கொள்ளுங்கள் என்கின்ற நியாயம். சூத்திரங்களின் பாஷையும் வேதகாலத்துப் பாஷை அல்ல, பிற்காலத்து வடமொழி என்று வடமொழி கற்றவர்களே சொல்லுகின்றார்கள். புத்தகத்தின் ஆரம்பத்திலேயே காட்டப்படும் வித்தை, 1ஐ 19ஆல் வகுத்தால் தசமப் புள்ளிக்குப் பின் வருகின்ற 18 இலக்கங்களைச் சட்டென்று எழுதுவது. தசமப் புள்ளி வைத்துப் பின்னம் எழுதும் முறை வேதம் பாடின காலத்தில் உலகத்தில் எங்குமே கிடையாது. ஐரோப்பாவில் 1585 இல் ஸ்டெவின் என்பவர் தசமப் பின்னத்தைப் பற்றிப் புத்தகம் போட்ட பிறகுதான் அது பரவிற்று. போதாக்குறைக்கு நியூட்டனும் லைப்னிட்சும் 17ஆம் நூற்றாண்டில் கண்ட நுண்கணிதத்திற்கும் இந்த 16க்குள்ளேயே சூத்திரம் இருக்கின்றதாம். யாகத்தில் நெய் ஊற்றினவர்களுக்கு அது எதற்கு வேண்டியிருந்தது என்று ஒருவரும் கேட்பதில்லை.

நிற்க. "எங்கிருந்து வந்தால் என்ன? கணக்கு வருகிறதா இல்லையா?" என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்வி. போட்டே பார்ப்போம்.

97ஐ 96ஆல் பெருக்க வேண்டும். 97 நூறுக்கு 3 குறைவு. 96 நூறுக்கு 4 குறைவு. 97இல் 4 போக 93. மூன்று நான்கு 12. பக்கத்தில் பக்கத்தில் எழுதினால் 9312. முடிந்தது கணக்கு. விடை சரிதான். பார்க்கிறவர்கள் வாயைப் பிளக்கின்றார்கள். வகுப்புக்காரர் ரிஷியின் படத்தைக் காட்டுகின்றார்.

இது ஏன் சரியாக வருகின்றது என்று அவர் சொல்லமாட்டார், நாம் சொல்லுகின்றோம். நூறு வரிசை, வரிசைக்கு நூறு கன்று வீதம் ஒரு தென்னந்தோப்பு இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 10,000 கன்று. இதில் 3 வரிசை வெள்ளத்தில் போய்விட்டது. 300 கன்று நஷ்டம். அதோடு ஒவ்வொரு வரிசையிலும் 4 கன்று பட்டுப்போய்விட்டது. நூறு வரிசைக்கும் 400 நஷ்டம். ஆக 700 போக 9300. ஆனால் வெள்ளத்தில் போன அந்த 3 வரிசையிலும் வரிசைக்கு 4 வீதம் 12 கன்றை வெள்ளத்திலும் கழித்தோம், பட்டதிலும் கழித்தோம். ஒரே கன்றை இரண்டு தடவை கழிப்பது அநியாயமல்லவா? ஆகையால் 12ஐத் திருப்பிச் சேர்த்தால் 9312. இவ்வளவுதான் ரகசியம். இதற்குக் காட்டில் எட்டு வருஷம் தியானம் வேண்டியதில்லை. தோப்புக் குத்தகைக்கு எடுக்கிறவன் எவனும் இதை ஐந்து நிமிஷத்தில் தெரிந்துகொள்வான்.

இனி அதே சூத்திரத்தால் 43ஐ 67ஆல் பெருக்குங்கள். 43 நூறுக்கு 57 குறைவு. 67 நூறுக்கு 33 குறைவு. 43இல் 33 போக 10. அடுத்தபடி 57ஐ 33ஆல் பெருக்க வேண்டும்! 43ஐ 67ஆல் பெருக்கத் தெரியாமல்தானே சூத்திரத்திடம் வந்தோம்? இப்போது 57ஐ 33ஆல் பெருக்கு என்கின்றது. எப்படியோ அதைப் பெருக்கினால் 1881 வருகின்றது. அதை முந்தின 10இன் பக்கத்தில் அப்படியே ஒட்டி எழுதவும் முடியாது. 1000த்தோடு கூட்டி 2881 என்று முடிக்க வேண்டும். இதற்குப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக் கொடுத்த சாதாரணப் பெருக்கலே சீக்கிரம் முடியும். இந்தக் கணக்குக்கு வேறு சூத்திரம் இருக்கிறது என்பார்கள். இருக்கின்றது. இந்த எண்ணுக்கு இந்தச் சூத்திரம், அந்த எண்ணுக்கு அந்தச் சூத்திரம் என்று வைத்தியர் நாடி பார்ப்பதுபோல் எண்ணைப் பார்த்துச் சூத்திரம் தேட வேண்டியிருக்கின்றது. அந்த வேறு சூத்திரமான குறுக்குப் பெருக்கலும் இந்த நாட்டுப் பழைய கணித நூல்களில் யாரும் வேதம் என்று சொல்லாமலே இருந்து வந்ததுதான்.

குறுக்குவழி கூடாது என்று நாம் சொல்லவில்லை. ஒடெஸா நகரத்தில் பிறந்த டிராக்டன்பர்க் என்னும் யூத எஞ்சினீயர், இட்லரின் ஆட்கள் பிடித்து வதைமுகாமில் அடைத்திருந்தபோது, எழுதக் காகிதமில்லாமல் மனத்துக்குள்ளேயே சீக்கிரக் கணக்குமுறை ஒன்றை உண்டாக்கினார். தப்பி வந்து 1950 இல் ஸ்விட்சர்லாந்தில் சூரிச் நகரத்தில் அதற்கென்றே ஒரு கணிதசாலை வைத்தார். பிள்ளைகள் படித்தார்கள். அவர் இதை மோசே மலைமேலிருந்து கொண்டு வந்தார் என்று சொல்லவில்லை. "நான் செய்தேன், இப்படிச் செய்தேன்" என்றார். பாரதி கிருஷ்ணரும் அப்படிச் சொல்லியிருந்தால், கெட்டிக்காரர், எண்களோடு நன்றாக விளையாடத் தெரிந்தவர் என்று நாமும் ஒரு கைதட்டியிருப்போம். சொந்தப் புத்தியால் செய்ததைச் சொந்தப் புத்தி என்று சொல்லிக்கொள்ளத் துணிவில்லாமல், வேதத்தின் தலையில் கட்டியதுதான் இதில் உள்ள பித்தலாட்டம். மனிதன் கண்டுபிடித்தது என்றால் இன்னொரு மனிதன் கேள்வி கேட்பான். கடவுள் சொன்னது என்றால் கேட்கமாட்டான் அல்லவா?

இந்தப் பள்ளிக்கூடம் வேதப்படிக்கே நடந்தால் எப்படியிருக்கும் என்று நாம் ஒருநாள் கற்பனை செய்து பார்த்தோம். உபாத்தியாயர் மனைமேல் உட்கார்ந்திருக்கின்றார். தையற்காரர் மகள் வாசலில் வந்து நிற்கின்றாள்.

உபாத்தியாயர்: யாரம்மா நீ? இங்கே எதற்கு வந்தாய்?

பெண்: கணக்குப் படிக்க வந்தேன், ஐயா.

உபாத்தியாயர்: இது வேத கணிதமாயிற்றே. உனக்கு உபநயனம் ஆயிற்றா?

பெண்: எங்கள் வீட்டில் அதெல்லாம் இல்லை, ஐயா. சம்பளம் கட்டியாயிற்று, ரசீது இருக்கிறது.

உபாத்தியாயர்: ஓ, ரசீது இருக்கிறதா? அப்படியானால் உள்ளே வா. சூத்திரத்தைச் சொல்லு.

பெண்: சொன்னேன், ஐயா. ஆனால் இது ஏன் இப்படி வருகிறது?

உபாத்தியாயர்: சூத்திரம் அப்படிச் சொல்லுகிறது.

பெண்: அந்தச் சூத்திரம் எந்த ஏட்டில் இருக்கிறது?

உபாத்தியாயர்: பரிசிஷ்டத்தில்.

பெண்: அதைக் காட்டுங்கள், ஐயா.

உபாத்தியாயர்: அது சுவாமிகளுடைய பரிசிஷ்டம். கேள்வி கேட்கும் பிள்ளைக்குக் கணக்கு வராது. உட்கார்!

வேடிக்கையாக எழுதினோமே தவிர, இதில் வேடிக்கை கொஞ்சந்தான். வேதத்தைக் காதால் கேட்ட சூத்திரனுடைய காதில் ஈயத்தையும் அரக்கையும் காய்ச்சி ஊற்று என்று கௌதம தர்ம சூத்திரம் விதிக்கின்றது. அது யாரோ ஒரு முரடன் எழுதியது என்று தள்ளவும் முடியாது. இந்தச் சங்கராச்சாரியார் பீடங்களுக்கெல்லாம் மூலபுருஷராகச் சொல்லப்படும் ஆதிசங்கரரே, சூத்திரனுக்கு வேதத்தில் அதிகாரமில்லை என்பதற்கு ஆதாரமாக அதே விதியைப் பிரம்ம சூத்திர பாஷ்யத்தில் எடுத்துக் காட்டியிருக்கின்றார். அன்று கேட்டால் ஈயம். இன்று கேட்காவிட்டால் பிள்ளை பின்தங்கிப் போகும் என்று பயமுறுத்தல். அந்த நாளில் சூத்திரன் கேட்கக் கூடாததாயிருந்த வேதம், இந்த நாளில் அவனிடமே மாதச் சம்பளம் வாங்கிக்கொண்டு விற்கப்படுகின்றது என்றால், சாஸ்திரம் மாறிவிட்டதா, அல்லது சந்தை மாறிவிட்டதா?

இனி, வேதகாலத்தில் கணக்கே இல்லையா என்றால், இருந்தது. அதை மறைக்க நமக்கு ஒரு காரணமும் இல்லை. யாக மேடை கட்டுவதற்குக் கயிறு பிடித்து அளந்த முறைகள் சுல்ப சூத்திரங்கள் என்ற பெயரால் இருக்கின்றன. போதாயனர், ஆபஸ்தம்பர் முதலியவர்கள் பெயரில் உள்ள அந்நூல்களைப்பற்றி 1875 லேயே திபோ என்பவர் ஆராய்ந்து எழுதியிருக்கின்றார். ஒரு முழம் சதுரத்தின் மூலைவிட்டம் எவ்வளவு என்பதற்கு அவற்றில் உள்ள கணக்கைப் போட்டால் 408க்கு 577 வருகின்றது. உண்மையான அளவுக்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் லட்சத்தில் ஒரு பங்குகூட இல்லை. மெச்ச வேண்டியதுதான். ஆனால் பாபிலோன் நாட்டான் அதற்கும் வெகுகாலத்துக்கு முன்பே களிமண் பலகையில் இதைவிட நெருக்கமாக எழுதி வைத்துவிட்டான் என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் யோக்கியமான பேச்சாகும். பருந்து வடிவத்தில் மேடை கட்ட விதவிதமான அளவில் செங்கல் அறுத்தவன் யார், சூளை போட்டவன் யார் என்று நாம் கேட்டால் அது வேறு கதை. இந்தச் சுல்பக் கணக்கு நோட்டீஸ்காரரின் வகுப்பில் கிடையாது என்பதுதான் பெரிய வேடிக்கை. வேதத்தில் இருக்கின்ற கணக்கைச் சொல்லிக் கொடுக்கமாட்டார்கள். வேதத்தில் இல்லாததற்கு வேத கணிதம் என்று பெயர்.

பிரம்மகுப்தர் 628 ஆம் வருஷத்தில் பூஜ்யத்தைக் கூட்டவும் கழிக்கவும் பெருக்கவும் விதி சொன்னார். உலகம் ஒப்புக்கொண்டது. அவரே பூஜ்யத்தைப் பூஜ்யத்தால் வகுத்தால் பூஜ்யம் என்றும் சொன்னார். உலகம் தள்ளிவிட்டது. தள்ளினவர்கள் யாரும் நரகத்துக்குப் போகவில்லை; பிரம்மகுப்தருடைய மதிப்பும் குறையவில்லை. கணக்கில் பெரியவர் சின்னவர் கிடையாது என்பதற்கு இதைவிட அத்தாட்சி வேண்டுமா?

பக்கத்து மலையாளத்தைப் பாருங்கள். 14ஆம் நூற்றாண்டில் மாதவன் என்பவரும் அவர் வழிவந்த சீடர்களும் வட்டத்தின் சுற்றளவுக்கு முடிவில்லாத ஒரு பின்ன வரிசையைக் கண்டார்கள். ஒன்றில் மூன்றிலொன்றைக் கழி, ஐந்திலொன்றைக் கூட்டு, ஏழிலொன்றைக் கழி என்று போய்க்கொண்டே இருக்கும் அந்த வரிசையை ஐரோப்பாவில் லைப்னிட்ஸ் கண்டது 1670களில்தான். அந்தக் கூட்டத்தில் வந்த ஜ்யேஷ்டதேவன் என்பவர் 1530 வாக்கில் ஒரு புத்தகம் எழுதினார். வடமொழியில் அல்ல, மலையாளத்தில். செய்யுளில் அல்ல, வசனத்தில். அதற்கு அவர் வைத்த பெயர் யுக்தி பாஷை. ஒவ்வொரு விதியும் ஏன் சரி என்று யுக்தியால் நிரூபித்துக் காட்டுகின்ற புத்தகம். நம் பத்திரிகைக்கே வைக்கலாம் போன்ற பெயர்! ஆனால் அந்த யுக்தி யாருக்குக் கிடைத்தது? நம்பூதிரி மனைகளுக்கும் கோயிலைச் சார்ந்த சில ஜாதியார் வீடுகளுக்கும் வெளியே அது போகவில்லை. பக்கத்து வயலில் நாற்று நட்ட புலையன் பிள்ளைக்குத் தெருவில் நடக்கவே பாத்தியமில்லாதபோது கணக்கு எப்படிக் கிடைக்கும்? அவ்வளவு பெரிய வித்தை ஓலையிலேயே கிடந்தது. கடைசியில் விஷ் என்ற கம்பெனி உத்தியோகஸ்தர் 1834 இல் அச்சில் எழுதின பிறகுதான் உலகம் கேள்விப்பட்டது. வேதப் பெருமை பேசுகின்றவர்கள் இந்த மெய்யான பெருமையை மூலையில் போட்டதற்கும், பொய்யான 16 சூத்திரத்தை ஊர்வலம் விடுவதற்கும் காரணம் என்ன? யுக்தி பாஷை "ஏன்" என்று கேட்கச் சொல்லுகின்றது. பதினாறு சூத்திரம் "ஆம்" என்று சொல்லச் சொல்லுகின்றது.

ராமானுஜம் நாமகிரித் தாயார் கனவில் வந்து கணக்குச் சொன்னதாகச் சொல்லவில்லையா என்று ஒரு கேள்வி வரும். எந்தக் கூட்டத்திலும் வருகின்றது. வாஸ்தவம், அவர் பக்தர்தான். ஆனால் 1913 இல் ஹார்டிக்கு எழுதின கடிதத்தில் பகா எண்களைப்பற்றி அவர் எழுதியிருந்த சில முடிவுகள் தப்பாயிருந்தன. தாயார் சொன்னதாயிற்றே என்று ஹார்டி விட்டுவிட்டாரா? நிரூபணம் எங்கே என்று கேட்டார். நிரூபணம் நின்றவை நின்றன, நிற்காதவை போயின. எஃப்.ஏ. பரீட்சையில் தேறாத ஒரு குமாஸ்தாவை 1918 இல் ராயல் சொசைட்டியில் உட்கார வைத்தது நிரூபணமே தவிர நாமகிரி அல்ல. தாயாரே கணக்குச் சொல்லுகிறவளாயிருந்தால், தப்புக் கணக்கை எதற்காகச் சொன்னாள்?

இந்த இடத்தில் நம்மவர்களையும் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். வடமொழிப் புரட்டைக் கண்டால் நமக்கு வருகின்ற கோபம், தமிழ்ப் புரட்டைக் கண்டால் வருவதில்லை. செங்கோண முக்கோணத்தில் நீண்ட பக்கத்தை எட்டுப் பங்காக்கி ஒரு பங்கைத் தள்ளி, குட்டைப் பக்கத்தில் பாதியைக் கூட்டினால் கர்ணம் வரும் என்று ஒரு பழம்பாட்டு இருப்பதாகவும், பித்தாகரஸ் தோற்றார் என்றும் நம் தோழர்களே கைப்பேசியில் அனுப்புகின்றார்கள். 3, 4க்குப் போட்டால் 5 வருகின்றது, சரி. 5, 12க்குப் போட்டால் 13, சரி. 8, 15க்குப் போடுங்கள்: 17 வரவேண்டிய இடத்தில் பதினேழே அரைக்கால் வரும். இரண்டு பக்கமும் ஒரே அளவாயிருந்தால் இன்னும் மோசம். தச்சனுக்கு அவசரத்துக்கு உதவும் கைக்கணக்கு என்று சொன்னால் மரியாதை. பித்தாகரசை ஜெயித்தது என்றால் சிரிப்பார்கள். முந்திரி, காணி, மா, அரைக்கால் என்று 320இல் ஒரு பங்கு வரையில் நெல்லையும் நிலத்தையும் பின்னமாகப் பங்கிட்ட எண்சுவடியும், காரிநாயனாரின் கணக்கதிகாரமும் நமக்குப் போதுமான பெருமை. அந்தத் திண்ணைப் பள்ளிக்கூடத்திலும் சேரிப் பிள்ளைக்கு இடமில்லாமல் இருந்தது என்பதைச் சொல்லாமல் அந்தப் பெருமையைப் பேசவும் நமக்கு இஷ்டமில்லை.

இது ஏதோ தனியார் வகுப்புக்காரர் வயிற்றுப்பாடு மாத்திரமாயிருந்தால் நாம் இவ்வளவு இடம் ஒதுக்கியிருக்கமாட்டோம். சர்க்கார்களே இதில் இறங்கிவிட்டன. 1992 இல் ஐக்கிய மாகாணம் என்று முன்பு அழைக்கப்பட்ட உத்தரப்பிரதேசத்தில் சர்க்கார் பாடத்திட்டத்திலேயே இதை நுழைத்தார்கள். 1993 இல் பம்பாய் டாடா ஆராய்ச்சி நிலையத்துக் கணித ஆசிரியர் டானி என்பவர், இது வேதமுமல்ல, கணிதம் என்பதில் இது ஒரு மூலையுமல்ல என்று விவரமாக எழுதினார். 2001 இல் சர்வகலாசாலைகளில் ஜோசியத்தைப் பட்டப்படிப்பாக வைக்க ஏற்பாடு நடந்தபோது, கணித அறிஞர்களும் விஞ்ஞானிகளும் இதையும் சேர்த்துக் கண்டித்துக் கையெழுத்திட்டார்கள். படித்தவர்கள் கண்டித்தார்கள்; நோட்டீஸ்கள் அச்சாகிக்கொண்டுதான் இருக்கின்றன.

மற்றப் பாடங்களில் ஏதாவது ஒரு பொய்யைச் சேர்த்தால் அதோடு போயிற்று. கணக்கு அப்படியல்ல. சரித்திரத்தில் ஆசிரியர் சொன்னதை நம்ப வேண்டியிருக்கின்றது; பூகோளத்தில் படத்தை நம்ப வேண்டியிருக்கின்றது. கணக்கு ஒன்றில்தான், சேரியிலிருந்து வந்த பத்து வயதுப் பெண் எழுந்து நின்று, "ஐயா, நீங்கள் போட்டது தப்பு" என்று சொல்லிக் கரும்பலகையில் போட்டுக் காட்டினால், மகாமகோபாத்தியாயராயிருந்தாலும் ஜகத்குருவாயிருந்தாலும் வாயை மூடிக்கொண்டு ஒப்புக்கொள்ள வேண்டும். ஜாதி, வயது, பட்டம், பீடம் ஒன்றும் அங்கே செல்லாது. ஒரு பிள்ளைக்குத் தன் அறிவின் பேரில் நம்பிக்கை முதல்முதல் பிறப்பதே அந்த இடத்தில்தான். அந்த ஒரு இடத்திலும் ரிஷியின் படத்தை மாட்டி, "கேட்காதே, சொல்லு" என்று பழக்குவதற்குத்தான் இந்தப் பள்ளிக்கூடங்கள் வேலை செய்கின்றன. தையற்காரத் தோழர் கட்டப்போகும் பணம் போனால் சம்பாதித்துக்கொள்ளலாம். அந்தப் பெண்ணின் "ஏன்" போய்விட்டால்?

தோழருக்கு நாம் எழுதியிருக்கும் பதில் இது. பெண்ணை வகுப்புக்கு அனுப்ப வேண்டாம். அந்தப் பணத்தில் பாதிக்குப் பள்ளிக்கூடக் கணக்குப் புத்தகத்தோடு கூட இன்னும் இரண்டு நல்ல கணக்குப் புத்தகம் வாங்கிக் கொடுங்கள். சாயங்காலம் கடையில் துணி வெட்டும்போது பக்கத்தில் உட்கார வைத்து, ஒரு கெஜத் துணியில் இத்தனை சட்டை என்றால் இவ்வளவு கெஜத்தில் எத்தனை, எவ்வளவு துண்டு மிஞ்சும் என்று கேளுங்கள். விடை சொன்னால் "எப்படி?" என்று கேளுங்கள். நீங்கள் தப்பாக வெட்டினதை அவள் காட்டினால் கோபித்துக்கொள்ளாதீர்கள்.

நோட்டீஸ்காரருக்கும் ஒரு வார்த்தை. அந்த 16 சூத்திரங்களும் உள்ள அதர்வண வேதப் பரிசிஷ்டத்தின் ஏட்டை, சுவாமிகளின் சொந்தப் பரிசிஷ்டத்தை அல்ல, எந்த மடத்திலாவது எந்தப் புத்தகசாலையிலாவது கண்டால், இன்ன ஏடு, இன்ன பக்கம் என்று நமக்கு எழுதட்டும். வடமொழி தெரிந்த இருவரை, அவர்களே பொறுக்கி எடுத்த இருவரை வைத்துப் பார்த்து, இருப்பது மெய்யானால் அடுத்த வாரமே இதே இடத்தில் இதே அளவு எழுத்தில் வெளியிடுவோம். தபால் செலவும் நம்முடையது.